செல்வன் செலவனான கதை

ஏலே பேராண்டி, அந்தப் போனைக் கொஞ்சம் கீழ வை. காலையில இருந்து நாப்பது சேதி தள்ளிவிட்டுட்டியே, ஒண்ணையாவது முழுசாப் படிச்சியாடே? படிக்கலேன்னா விடு, பெருவிரலாவது தேறட்டும்.

அந்தக் காலத்துல ஒரு சேதி வெளிய வர எம்புட்டுப் பாடு தெரியுமாடே? நம்ம எட்டயபுரத்து பாரதி 1904-ல மெட்ராசுக்குப் போயி ‘சுதேசமித்திரன்’ல சேந்தாரு. ஜி. சுப்பிரமணிய ஐயர் 1882-ல வாரப் பத்திரிகையா ஆரம்பிச்சு, 1899-ல தினசரியாக்குனது. தந்தி இங்கிலீசுல வரும், தமிழாக்கணும். அதான் அவருக்குச் சோலி. அம்மாம்பெரிய கவி உக்காந்து எழுதுனாரு. நீ கும்பிடுத பொம்மையப் போட்டுட்டு அசதியாப் படுத்துக்கிடுத.

எழுதுனது அச்சாபீசுக்குப் போவும். இடது கையில எழுத்துக் கோக்குத ஸ்டிக்கு, வலது கை எழுத்துப் பெட்டி, அதான் கேசு, அது மேல. அறை அறையா ஈய எழுத்து. இங்கிலீசுக்குச் சின்னதும் பெருசுமா 52. நமக்குக் ‘கி’க்கு ஒரு அறை, ‘கீ’க்கு ஒரு அறை, ‘கு’க்கு ஒண்ணு. ‘லை’, ‘னை’க்கு யானைத் துதிக்கை மாதிரி வளைவு வச்ச பழைய எழுத்து வேற. பெரியார் அந்தத் துதிக்கைய 1935-லயே நறுக்குனாரு. சர்க்கார் நறுக்க 1978 ஆச்சு. அவசரப்படக்கூடாதுல்லா! எல்லாம் கண்ணாடியில பாத்த மாதிரித் திரும்பியிருக்கும். தலைகீழா வச்சுக் கோக்கணும். புரூப் எடுத்து, திருத்தி, முடுக்கி, மிசின்ல ஏத்தணும். அடிச்சு முடிஞ்சதும் மசியக் கழுவி, ஒவ்வொரு எழுத்தா அதது அறையில திரும்பப் போடணும். இன்னைக்குச் சேதியக் கலைச்சாத்தானே நாளைக்குச் சேதிக்கு எழுத்து!

எப்படித் தெரியும்னு முழிக்காத. நானும் இதே சங்கரன்கோவில்ல ஒரு அச்சாபீசுல கல்யாணப் பத்திரிகை கோத்தவன்தான். ஆடித்தபசுக் கூட்டம், நோட்டீசு வேலை தலைக்கு மேல. ஆவணிக் கல்யாணத்துக்கு ஒரு பத்திரிகை. கலைச்சுப் போட்டவன் ‘ல்’ அறையில ‘ல’வப் போட்டுட்டான். கலைச்சவனும் நாந்தான், அது வேற கதை. ‘திருநிறைச்செல்வன்’ ‘திருநிறைச்செலவன்’ ஆயிட்டாரு. புரூப் பாத்தவரு வெத்தலைய மென்னுக்கிட்டே பாத்திருப்பாரு போல. முந்நூறும் அடிச்சாச்சு.

பொண்ணோட அப்பா வாங்கிப் படிச்சாரு. கோவப்படல. “மாப்பிள்ளைய உமக்கு முன்னமே தெரியுமோ?”ன்னாரு.

ராத்திரி பூராவும் அரிக்கேன் வெளிச்சத்துல பேனாவால முந்நூறு புள்ளி வச்சேன். விரல் வீங்கிப்போச்சு.

அது கெடக்கட்டும். நேத்து செத்துப்போனாருன்னு நீ அனுப்பிவிட்ட நடிகரு, இப்ப டிவியில சிரிச்சுக்கிட்டு இருக்காரு. எத்தன பேருக்கு அனுப்புன, இருநூறா?

பேனா வேணுமாடே?