மீதி அடுத்த பகுதியில்!

2020 ஏப்ரலில் ஹாலிவுட் பெரும்புள்ளி ஜெஃப்ரி காட்ஸன்பெர்க் ‘குவிபி’ என்ற செயலியைக் கடைவிரித்தார். பகுதிக்குப் பத்து நிமிடத்தைத் தாண்டாத தொடர்கள், பெரிய நட்சத்திரங்கள், திரட்டிய முதலீடு 175 கோடி டாலர். அதே ஆண்டு டிசம்பரில் மூடுவிழா. ஆரம்பத்தில் அதில் ஒரு ஸ்கிரீன்ஷாட்கூட எடுக்க முடியாது. அதாவது, பார்க்கலாம், வம்பு பேசக்கூடாது. வம்புக்கு வழியில்லாத தொடரை எவன் பார்ப்பான்?

2024 பிப்ரவரியில் ரீசா டீசா என்ற பெயரில் ஓர் அமெரிக்கப் பெண் டிக்டாக்கில் வந்தார். முன்னாள் கணவர் அவிழ்த்துவிட்டதாகத் தாம் சொன்ன பொய்களைச் சுமார் 50 பகுதிகளாகப் பிட்டுப் பிட்டு வைத்தார். செட் கிடையாது, நட்சத்திரம் கிடையாது. சில பகுதிகளில் கார் ஓட்டிக்கொண்டே பேசினார். உலகமே கூடிவிட்டது.

பின்னே? ஒரு பகுதிக்கும் அடுத்ததற்கும் நடுவே நாம் சும்மா இருப்போமா? பாதிப் பேர் துப்பறிவாளர், மீதிப் பேர் நீதிபதி. “எனக்கு முதல் பகுதியிலேயே சந்தேகம்தான்” என்பார், நாற்பதாவதைப் பார்த்து முடித்தவர். “இதையெல்லாமா பார்க்கிறீர்கள்?” என்று திட்டுவதற்கென்றே சிலர் வந்து, போகாமல் உட்கார்ந்துவிடுவார்கள். அல்காரிதத்துக்கு வாழ்த்தும் வசவும் ஒரே வரவுதான். இரண்டையும் கூட்டி இன்னும் ஆயிரம் பேர் திரையில் தள்ளிவிடும்.

மூன்று மணி நேரப் படமென்றால் “யாருக்கு சார் நேரம் இருக்கு?” என்று அலுத்துக்கொள்பவரும், நறுக்கிக் கொடுத்தால் அதைப்போல இரண்டு மடங்கை ஒரே ராத்திரியில் விழுங்கிவிட்டு, ‘51 எப்போ?’ என்கிறார்.