பேர் வெட்டிய பாத்திரம்

கேள்வி: பரணில் கிடக்கும் பழைய எவர்சில்வர் பாத்திரங்களை எடைக்குப் போடலாம் என்றால் அம்மா விடமாட்டேன் என்கிறார். அப்படி என்னதான் இருக்கிறது அதில்?
(ஒரு வாசகர், கும்பகோணம்)

பதில்: எழுத்து இருக்கிறது! திருப்பிப் பாருங்கள். இனிஷியல், பெயர், தேதி எல்லாம் புள்ளி புள்ளியாக வெட்டியிருக்கும்.

எங்கள் வீட்டில் ஒரு தூக்கு உண்டு. அத்தை கல்யாணத்துக்கு வந்தது. ‘அன்பளிப்பு’ என்று வெட்ட ஆரம்பித்த கடைக்காரருக்கு இடம் போதவில்லை; ‘ப்பு’ மட்டும் காதுக்குக் கீழே போய் ஒண்டிக்கொண்டிருக்கிறது. அதைக் கொடுத்த மாமாவோடு எங்களுக்கு 20 வருஷமாகப் பேச்சுவார்த்தை இல்லை. ஆனால் அவர் பெயரை மட்டும் தினமும் புளி போட்டுத் தேய்த்துக் குளிப்பாட்டுகிறோம்.

இந்த எவர்சில்வருக்கெல்லாம் மூல காரணம் இங்கிலாந்தின் ஷெஃபீல்டு நகரத்து ஹாரி பிரியர்லி. துப்பாக்கிக் குழாய் சீக்கிரம் தேயாமல் இருக்க வழி தேடியவர், 1913-ல் குரோமியம் கலந்த எஃகை உருக்கினார். குரோமியம் காற்றோடு சேர்ந்து மேலே மெல்லிய படலமாகப் படிந்துவிடும். கீறினால் அந்த இடத்தில் மறுபடி தானே படியும். அதனால்தான் வெட்டிய இடம் துருப்பிடிப்பதில்லை. பாவம், துப்பாக்கிக்காகப் புறப்பட்டது நம் ஊர் சீர்வரிசைத் தட்டில் வந்து உட்கார்ந்தது.

எடைக்காரர் எழுத்துக்குக் காசு தரமாட்டார். ஆகவே அம்மாவோடு உட்கார்ந்து ஒவ்வொன்றாகத் திருப்பிப் படியுங்கள். பக்கத்து வீட்டுக்காரர் பெயர் ஏதாவது தட்டுப்பட்டால் மட்டும், சத்தமில்லாமல் கொண்டுபோய்க் கொடுத்துவிடுங்கள்!