முருகேசன் சார் இருக்காரா?

பேரன்பும் பெரும்பணமும் கொண்ட வங்கி நிர்வாகத்தாருக்கு,

தாங்கள் நலமாக இருப்பது தங்கள் காலாண்டு லாபக் கணக்கைப் பார்த்தாலே தெரிகிறது. நானும் நலம் என்றுதான் எழுத வேண்டும். ஆனால் கடந்த செவ்வாய்க்கிழமை முதல் தங்கள் பதிவேட்டில் நான் காலமாகிவிட்டதால், தங்கள் அனுமதி கிடைத்த பிறகு அந்த வரியைச் சேர்த்துக்கொள்கிறேன்.

நடந்தது இவ்வளவுதான். மேடவாக்கம் கூட்ரோட்டில் ஷேர் ஆட்டோவை விட்டு இறங்கி, மெட்ரோ வேலைக்கு வைத்த தடுப்புகளை ஒட்டி நடந்து, கே.ஒய்.சி. புதுப்பிக்கத் தங்கள் கிளைக்கு வந்தேன். டோக்கன் 47. "மிஸ்டர் முருகேசன்" என்று மூன்று முறை கூப்பிட்டார்கள். யாரும் எழுந்திருக்கவில்லை. நானும்தான். 50 நிமிடம் பொறுத்துக் கவுண்டரில் போய் நின்றால், "முருகேசன் சார் இருக்காரா? கூப்பிட்டோமே" என்றார் அந்தப் பெண். "அது எங்க அப்பா பேரும்மா. அவர் 2011லயே தவறிட்டார்" என்றேன். நான் சொன்னதை அவ்வளவு அக்கறையாக அந்தக் கிளையில் யாரும் கேட்டதே இல்லை. "ஸாரி சார்" என்றார். நாலு தட்டு தட்டினார். கணக்கு முடங்கியது.

கணக்கு தொடங்கிய நாளில் 'மு.' என்ற என் ஒற்றை எழுத்தை ஏற்க மாட்டேன் என்றது தங்கள் படிவம். "எக்ஸ்பாண்ட் பண்ணிடுங்க சார்" என்றார்கள். பண்ணினேன். முருகேசனைக் கூட்டிவந்து 'லாஸ்ட் நேம்' கட்டத்தில் உட்கார வைத்தேன். அன்றிலிருந்து அப்பாவுக்கு ஓய்வு ஒழிச்சல் இல்லை. ஒரு சைக்கிளைத் தவிர வாழ்நாளில் எதையும் தவணையில் வாங்காத மனிதருக்கு இப்போது மாதம் மூன்று முறை 5 லட்ச ரூபாய் தனிநபர் கடன் தயாராக இருக்கிறதாம், கையெழுத்து மட்டும்தான் பாக்கியாம். என் பிறந்தநாளுக்கு வாழ்த்து அவருக்கு வருகிறது. கிரெடிட் கார்டு வேண்டுமா என்று கேட்டுக் கூப்பிடும் பெண்களிடம், "அப்பாவிடம் கேட்டுச் சொல்கிறேன்" என்பேன். அவர்களும் நம்பி மறுநாள் கூப்பிடுகிறார்கள்.

என் பெயர் எங்கே போயிற்று என்று தாங்கள் பதற வேண்டாம். பத்திரமாக என் மனைவியிடம் இருக்கிறது. கல்யாணத்துக்கு முன் அவளுக்கு அவள் அப்பாவின் எழுத்து, பிறகு என் எழுத்து. (எதற்காக மாற்றினோம் என்று ஒருநாள் கேட்டாள். எனக்குப் பதில் தெரியவில்லை. அது வேறு கடிதம்.) அந்த எழுத்தையும் விரித்துவிட்டீர்கள். ஆகவே தங்கள் கிளையில் என் பெயரைக் கூப்பிட்டால் அவள் எழுந்து நிற்பாள். மகள் கனடாவில் இருக்கிறாள். அங்கே அவளையும் என் பெயரைச் சொல்லித்தான் கூப்பிடுகிறார்களாம். மகள் நானாகிவிட்டாள், நான் அப்பாவாகிவிட்டேன். மொத்தக் குடும்பத்துக்கும் ஒரு தலைமுறை பதவி உயர்வு கொடுத்த வள்ளல் தாங்கள். அப்பாவுக்கென்று மிச்சம் இருந்தது 'காலமானவர்' என்ற பதவி ஒன்றுதான். செவ்வாய்க்கிழமை அதையும் எனக்கே தந்துவிட்டீர்கள்.

எனக்கு ஆறுதல் சொல்ல ஆட்கள் உண்டு. ஐந்து முறை உலகச் சதுரங்கப் பட்டம் வென்றவர் ஆனந்த். உலகம் அவரைச் செல்லமாகக் கூப்பிடுவது 'விஷி' என்று. விஸ்வநாதன், ரயில்வேயில் வேலை பார்த்த அவருடைய அப்பா. மகன் காய் நகர்த்தினார், செல்லப்பெயர் அப்பாவுக்குப் போயிற்று. அப்துல் கலாமோ ஏ.பி.ஜே. என்ற மூன்று எழுத்துக்குள் அவுல், பக்கீர், ஜைனுலாப்தீன் என்று கொள்ளுத்தாத்தாவிலிருந்து அப்பா வரைக்கும் மடித்து வைத்திருந்தார். தங்கள் கிளைக்கு வந்திருந்தால் நாலு டோக்கன் கொடுத்திருப்பீர்கள்.

2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம், கடவுச்சீட்டில் ஒற்றைப் பெயர் மட்டும் வைத்துக்கொண்டு சுற்றிப்பார்க்க வருகிறவர்களுக்கு அனுமதி இல்லை என்றது. பிறகு இறங்கிவந்து, இரண்டாம் பக்கத்தில் அப்பா பெயர் இருந்தால் போதும் என்றது. ஆபத்துக்கு அப்பாதான் வந்தார். அமெரிக்க விசாவில் ஒற்றைப் பெயர்க்காரர்களுக்கு எஃப்.என்.யூ. என்று அச்சடிப்பார்கள், முதற்பெயர் தெரியவில்லை என்று அர்த்தம். பெற்றவர்கள் ஆசையாக வைத்த பெயர் எதிரிலேயே இருக்கிறது, அதைக் குடும்பப் பெயர்க் கட்டத்துக்குத் தள்ளிவிட்டு, தெரியவில்லை என்கிறார்கள்! பான் எண்ணில் ஐந்தாவது எழுத்து சர்நேமின் முதல் எழுத்து. என் அட்டையில் அந்த இடத்தில் 'எம்' இருக்கிறது. அப்பா அங்கேயும் எனக்கு முன்னால் போய் இடம் பிடித்து உட்கார்ந்திருக்கிறார்.

ஐஸ்லாந்திலும் பெரும்பாலோருக்குக் குடும்பப் பெயர் கிடையாது. அப்பா பெயரோடு மகன், மகள் என்று ஒட்டிக்கொள்வார்கள். தொலைபேசிப் புத்தகம் அச்சில் வந்த காலத்தில் அதைச் சொந்தப் பெயரின் அகரவரிசையில்தான் அடுக்கினார்கள். 4 லட்சம் பேர்கூட இல்லாத நாடு. கோடிக்கணக்கில் இருக்கும் நமக்குப் படிவத்தில் ஒரு கட்டத்தைக் காலியாக விட வழியில்லை.

எங்கள் பக்கத்தில் சர்நேம் வைத்திருப்பவை ஊர்கள்தான். பெரும்பாக்கம், சித்தாலப்பாக்கம், கோவிலம்பாக்கம் எல்லாம் பாக்கம் வம்சம். மேடவாக்கமும் பங்காளிதான், கொஞ்சம் எழுத்துப் பிழையோடு. அப்படிச் சர்நேம் இருந்தும் என்ன பிரயோசனம்? தாங்கள் அனுப்பிய செக் புத்தகம் கீழ்ப்பாக்கத்துப் பக்கம் இருக்கும் மேடவாக்கம் டேங்க் ரோட்டுக்குப் போய், 20 நாள் தங்கிவிட்டுத்தான் வந்தது.

இனி தங்கள் மேலாளர் சொன்ன யோசனைக்கு வருகிறேன். நல்ல பையன். காபி வேண்டுமா என்றெல்லாம் கேட்டார். "கம்யூனிட்டி பேர் ஏதாவது இருக்குமே சார், அதை லாஸ்ட் நேம்ல போட்டுட்டா சிஸ்டம் எடுத்துக்கும்" என்றார்.

அந்த இடத்தில் கொஞ்சம் சத்தம் போட்டுவிட்டேன். மன்னியுங்கள். இல்லை, மன்னிக்க வேண்டாம். அந்தக் கட்டம் காலியாகக் கிடப்பது மறதியால் இல்லை. 1929 பிப்ரவரியில், இன்று எங்களுக்கு மாவட்டத் தலைநகரான இதே செங்கல்பட்டில், ஊ.பு.அ. சௌந்தரபாண்டியன் தலைமையில் முதல் சுயமரியாதை மாகாண மாநாடு கூடி, பெயருக்குப் பின்னால் சாதிப் பட்டம் போடுவதை விட்டுவிட வேண்டும் என்று தீர்மானம் போட்டது. தி.நகர் பாண்டி பஜாருக்குப் பெயர் அவரால் வந்தது என்பார்கள். அங்கே துணி எடுக்கப் போகிற யாரும் அந்தப் பாண்டி என்ன சாதி என்று கேட்பதில்லை. என் தாத்தாவின் பத்திரங்களில் அந்த வால் இருக்கிறது. அப்பா வேலைக்குச் சேர்ந்தபோது வெட்டினார். வெட்டியதற்காகப் பங்காளிகள் இரண்டு கல்யாணத்துக்கு அழைக்கவில்லை. நான் 31 வருஷம் பள்ளிக்கூடத்தில் சேர்க்கைப் பதிவேடு எழுதியவன். ஓர் எழுத்து, ஒரு புள்ளி, ஒரு பெயர், அவ்வளவுதான் எழுதினேன். சாதி ஒழிந்துவிட்டதா என்றால், இல்லை. "சொந்த ஊர் எது?", "ஊர்ல எந்தத் தெரு?" என்று சுற்றிவளைத்துக் கேட்கிறவர் அன்றைக்கு என் பக்கத்து நாற்காலியிலேயே இருந்தார். ஆனால் சுற்றிவளைக்க வேண்டியிருக்கிறது அல்லவா? அந்தக் கூச்சத்தை உண்டாக்க ஒரு தலைமுறை அடி வாங்கியிருக்கிறது. தாங்கள் ஒரு சிவப்பு நட்சத்திரம் போட்டு 'கட்டாயம் நிரப்பவும்' என்கிறீர்கள்.

தண்ணீர் குடித்துவிட்டு வந்தேன். எனக்கு பிரஷர் உண்டு. காலமானவன் இவ்வளவு கோபப்படக் கூடாது. தங்கள் பெருந்தன்மைக்கே திரும்பி வருகிறேன்.

கணக்கைத் திறக்கத் தாங்கள் காட்டியிருக்கும் வழி உண்மையிலேயே எளியது. கணக்குக்காரர் இறந்துவிட்டதால் அவருடைய வாரிசு வந்து பணத்தைப் பெற்றுக்கொள்ளலாம். முருகேசனின் இறப்புச் சான்றிதழும், தாசில்தார் கொடுத்த வாரிசுச் சான்றிதழும் என்னிடம் அசலாகவே இருக்கின்றன. அதில் முதல் பெயர் என்னுடையது. என் ஓய்வூதியத்தை என் மகனாக நானே வந்து வாங்கிக்கொள்ளலாம். அப்பாவிடம் கேட்டேன், அவருக்கும் ஆட்சேபணை இல்லை.

ஒரே ஒரு சிக்கல். அந்தச் சான்றிதழில் மூன்று பேர் இருக்கிறோம். விஷயம் எப்படியோ மதுரைக்குப் போய்விட்டது. நேற்று ராத்திரி அங்கிருந்து தம்பி கூப்பிட்டான். "அண்ணே, பேங்க்ல அப்பா பேர்ல பணம் இருக்காமே? அக்காவும் கேட்டுச்சு" என்றான்.

இப்படிக்கு,
காலஞ்சென்ற தங்கள் வாடிக்கையாளரின் மகனாகிய
காலஞ்சென்ற தங்கள் வாடிக்கையாளர்,
மேடவாக்கம் (டேங்க் ரோடு அல்ல).