ஆரோகண மூர்த்தி

இமயமலை என்றவுடன் பனிப்பாளமும் பிராணவாயுக் குப்பியும் மீசையில் உறைந்த பனித்துளியுமாக நம் மனக்கண்முன் ஒரு சித்திரம் எழுகிறதே, அந்தச் சித்திரத்தோடு யாதொரு சம்பந்தமும் இல்லாத இமயமலை ஒன்றும் இருக்கத்தான் செய்கிறது. மேற்குச் சிக்கிமில் பெல்லிங் என்ற சிற்றூரிலே தொடங்கி, கெச்சியோபால்ரி ஏரிக்கரையில் ஓரிரவும் யுக்சோமில் ஈரிரவும் தங்கி, தாஷிடிங் மடாலயத்தில் போய் முடிகிற நான்கு நாள் நடை அந்த ரகத்தைச் சேர்ந்தது. வழி நெடுக மரநிழலில் பெரிய ஏலக்காய்ச் செடிகள். தாழ்வாரத்தில் மக்காச்சோளக் கதிர்களைச் சரமாகத் தொங்கவிட்ட வீடுகள். வாசலில் வெயில் காய்கிற பாட்டிமார்கள். குன்றுக்குக் குன்று ஒரு கோம்பா, அதாவது பௌத்த மடாலயம். இரவில் கிராமத்து வீடுகளிலேயே படுக்கை, அந்த வீட்டு அம்மாள் கையாலேயே சாப்பாடு. ஏற்பாடு செய்தவர்கள் அனுப்பிய விவரத் தாளில் இந்த யாத்திரையின் தரம் ‘சுலபம்’ என்று ஒரே சொல்லில் குறிக்கப்பட்டிருந்தது. முழங்கால் வலிக்காரனாகிய நான் அந்தச் சொல்லை நம்பித்தான் பணம் கட்டினேன். அதே சொல்லைக் கண்டு அவமானப்பட்டுக்கொண்டே பணம் கட்டியவர் ஒருவரும் எங்கள் கோஷ்டியில் இருந்தார்.

அவருக்கு நான் மனத்துக்குள் சூட்டிய பெயர் ஆரோகண மூர்த்தி. இது ஒரு தனிமனிதரின் பெயர் என்று வாசகர்கள் எண்ணிவிடக் கூடாது; அது ஒரு ஜாதி. எந்தச் சுலபமான மலைநடைக் கோஷ்டியை எடுத்துக்கொண்டாலும், அது வங்காளத்திலிருந்து வந்ததாயினும் மகாராஷ்டிரத்திலிருந்து வந்ததாயினும் நம் பக்கத்திலிருந்து போனதாயினும், அதிலே ஓர் ஆரோகண மூர்த்தி இருந்தே தீருவார். வயது அறுபதை ஒட்டியிருக்கும். உத்தியோகத்திலிருந்து ஓய்வு பெற்றிருப்பார். பெரும்பாலும் தணிக்கை, அல்லது பிறர் தவறைத் தேடிக் கண்டுபிடிக்கும் வேறேதேனும் உத்தியோகம். இந்தச் சுலப யாத்திரையை அவர் தாமாகத் தேர்ந்திருக்கமாட்டார். ‘அப்பாவுக்கு இதுதான் சரி’ என்று மகள் தீர்மானித்துப் பணமும் கட்டியிருப்பாள். எவரெஸ்டுக்கு வேண்டிய மனமும் பெல்லிங்குக்கு வேண்டிய அனுமதியும் ஒரே தேகத்தில் வந்து குடியேறிவிட்டால் என்ன ஆகுமோ, அதுதான் ஆரோகண மூர்த்தி.

முதல் நாள் காலையில் விடுதி வாசலில் அவர் தரிசனம் கொடுத்த காட்சியை என்னால் மறக்க முடியாது. கணுக்கால் வரை கவ்விப் பிடிக்கிற பூட்ஸும், அதற்குமேல் பனி புகாதிருக்க மாட்டுகிற உறையும், இரண்டு கைகளுக்கும் இரண்டு ஊன்றுகோல்களும், நெற்றியில் பட்டப்பகலிலும் சுரங்கத் தொழிலாளியைப் போல ஒரு விளக்கும், முதுகுப் பையின் பக்கவாட்டில் நிஜமாகவே ஒரு பிராணவாயுக் குப்பியுமாக அவர் வந்து நின்றபோது, எதிர்க் கடையில் தேநீர் ஆற்றிக்கொண்டிருந்த பெண் ஒருகணம் ஆற்றுவதை நிறுத்திவிட்டாள். ‘உயர நோய்’ வராதிருக்க முதல் நாளே மாத்திரை தொடங்கியாயிற்று என்று எனக்குத் தெரிவித்தார். பெல்லிங்கின் உயரம் சுமார் 2,150 மீட்டர். நம்முடைய உதகமண்டலம் ஏறக்குறைய 2,240. உதகையில் காரட் விற்கிறவர்கள் எத்தனை தலைமுறையாக மாத்திரை இல்லாமல் காலம் தள்ளுகிறார்கள் என்பதை அவருக்கு எடுத்துச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. நான் மட்டும் யோக்கியனா? ‘இமயமலைக்கு நடைப் பயணம் போகிறேன்’ என்று நண்பர்களுக்கெல்லாம் சொல்லிவிட்டு வந்தவன், தரத்தைக் குறித்த அந்த ஒற்றைச் சொல்லை மட்டும் சௌகரியமாக மறந்துவிட்டிருந்தேன்.

அவருடைய மணிக்கட்டில் ஒரு கடிகாரம் இருந்தது. நேரம் காட்டுவது அதற்கு உபதொழில். உயரம் காட்டுவதே பிரதான தொழில். அன்று விடியலில் காஞ்சன்ஜங்கா, மேகத்திரை விலகி, முதலில் ரோஜா நிறமாகவும் பிறகு பொன்னாகவும் எங்கள் எதிரே எழுந்து நின்றது. எங்கள் வழிகாட்டி ஒரு லிம்பு இளைஞன். மேலே கோச்சே லா கணவாய் வரை, அதாவது சுமார் 4,900 மீட்டர் உயரத்துக்கு, ஆட்களை அழைத்துச் சென்று திரும்புவது அவனுடைய வாடிக்கையான பிழைப்பு. அவன் அந்த மலையைக் காட்டி, 1955 மே மாதத்தில் முதன்முதலாக அதில் ஏறிய பாண்ட், பிரௌன் என்ற இரண்டு ஆங்கிலேயரும், சிக்கிம் மன்னருக்குக் கொடுத்திருந்த வாக்கை மதித்து, இது தெய்வத்தின் ஆசனம் என்று, உச்சிக்குச் சில அடிகள் கீழேயே நின்று திரும்பிவிட்டார்கள் என்ற விருத்தாந்தத்தைச் சொன்னான். எல்லோரும் மௌனமானோம். ஆரோகண மூர்த்தி மட்டும், “8,586 மீட்டர் ஏறிவிட்டு அந்தச் சில அடியைக் கோட்டைவிட்டார்களா? கணக்கு முடியவில்லையே சார்!” என்று மனம் நொந்தார்.

அருகிலுள்ள பெமயாங்ட்சே மடாலயத்தின் மேல்மாடியில், குரு பத்மசம்பவரின் சுவர்க்க மாளிகையை ஏழு அடுக்குகளாக மரத்திலே செதுக்கி வைத்திருக்கிறார்கள். தேவரும் அசுரரும் மிருகங்களும் வானவில்களும் மொய்த்துக் கிடக்கிற அந்த அற்புதத்தின் முன் நான் வாயடைத்து நின்றபோது அவர் தம் மணிக்கட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார். மாடிப்படிகள் ஏழெட்டு மீட்டர் தேறும் என்று அவற்றையும் அன்றைய ஏற்றத்தில் வரவு வைத்துக்கொண்டார்.

நடை ஆரம்பமாயிற்று. நேபாளி மொழியில் ஏற்றத்துக்கு ‘உகாலோ’ என்றும் இறக்கத்துக்கு ‘ஓராலோ’ என்றும் பெயர். வழிகாட்டி இவ்விரண்டு சொற்களையும் மாற்றி மாற்றிச் சொல்லிக்கொண்டு போவதைக் கேட்டால், யாரோ ஒரு பாகவதர் ராகத்தின் ஆரோகண அவரோகணத்தைச் சிஷ்யனுக்குப் பாடம் சொல்வது போலிருக்கும். அவன் அடிக்கடி சொன்ன இன்னொரு சொல் ‘பிஸ்தாரை’. ‘மெதுவாக’ என்று அர்த்தம். நம் காதில் அது ‘விஸ்தாரம்’ என்றே விழுகிறபடியால், எனக்கு அந்த அறிவுரை பரமானந்தமாயிருந்தது. ஒவ்வொரு திருப்பத்திலும் உட்கார்ந்து விஸ்தாரமாக மூச்சு வாங்கினேன். ஆரோகண மூர்த்திக்கோ ‘ஓராலோ’ என்ற சொல் காதில் விழுந்தாலே முகம் வாடிவிடும். பாதை சமதளமாக இருந்த இடங்களில் அதைவிட்டு விலகி, பக்கத்துச் சரிவிலே நாலு எட்டு ஏறி, பிறகு இறங்கி வந்து எங்களோடு சேர்ந்துகொள்வார். இப்படி ஒருமுறை பிடிமானத்துக்காகக் கை நீட்டியவர், சிஸ்னு என்று இங்கே வழங்கும் செந்தட்டிச் செடியை இறுகப் பற்றிவிட்டார். அன்றிரவு நாங்கள் தங்கிய வீட்டில் அதே இலையைக் கடைந்து சூப் வைத்திருந்தார்கள். மத்தியானம் தம்மைத் தாக்கிய பகைவனை அவர் இரண்டு கிண்ணம் குடித்துப் பழி தீர்த்துக்கொண்டதைச் சொல்லத்தான் வேண்டும்.

அவருக்கு நேர்ந்த உண்மையான துன்பம் செடியாலன்று, குழந்தைகளால். ரப்பர் செருப்போடு, பையை ஒற்றைத் தோளில் போட்டுக்கொண்டு, ஆறேழு சிறுமிகள் பாட்டுப் பாடியபடியே அவரைத் தாண்டி ஏறிப் போனார்கள். அவர்கள் மறைந்த சிறிது நேரத்துக்கெல்லாம், நெற்றிப் பட்டையிலே தொங்குகிற டோகோ கூடை நிறையப் புல்லோடு, எழுபது வயதுக்குக் குறையாத ஒரு மூதாட்டி தாண்டிப் போனாள். போகிற போக்கில் அவருடைய இரண்டு ஊன்றுகோல்களையும் பார்த்துவிட்டு, வழிகாட்டியிடம் ஏதோ பரிவோடு விசாரித்தாள். என்ன கேட்டாள் என்று அவர் வற்புறுத்தியதன்பேரில் அவன் தயங்கித் தயங்கிச் சொன்னான்: “உங்களுக்குக் காலில் எப்போது அடிபட்டது என்று கேட்கிறாள் சார்.”

கெச்சியோபால்ரி ஏரியின் நீரில் ஓர் இலைகூட மிதக்காது, விழுந்த இலையைப் பறவைகள் உடனே கொத்தி அப்புறப்படுத்திவிடும் என்பது இங்குள்ளோர் நம்பிக்கை. செருப்பைக் கழற்றிவிட்டு மரப்பாலத்தில் நடந்து போய் நீரின் விளிம்பில் நாங்கள் கைகூப்பி நின்றிருந்தோம். தணிக்கை ரத்தம் சும்மா இருக்குமா? கரையோரத்து நாணலருகே ஓர் இலை மிதப்பதைக் கண்டுபிடித்து, ஆட்சேபக் குறிப்பு எழுதுகிற தோரணையில் சுட்டிக்காட்டினார். வழிகாட்டி அதைப் பார்த்துவிட்டுச் சாவதானமாக, “பறவைக்கும் ஞாயிற்றுக்கிழமை உண்டல்லவா சார்?” என்றான். அன்று ஞாயிற்றுக்கிழமைதான்.

மறுநாள் யுக்சோமில் நாங்கள் தங்கிய வீட்டில் விருந்தினருக்கு டோங்பா கொடுத்தார்கள். நம்மூர்க் கேழ்வரகைப் புளிக்கவைத்து, மூங்கில் குவளையில் நிரப்பி, வெந்நீர் ஊற்றி, மூங்கில் குழலால் உறிஞ்சுகிற பானம் அது. குவளை வற்ற வற்ற வெந்நீர் ஊற்றிக்கொண்டே இருக்கலாம். “உயரமான இடத்தில் மது ஆகாது” என்று ஆரோகண மூர்த்தி விலக்கிவிட்டார். எதிரே அந்த வீட்டுப் பாட்டி மூன்றாவது தடவையாக வெந்நீர் ஊற்றிக்கொண்டிருந்தாள். நான் எத்தனாவது தடவையில் இருந்தேன் என்பது இங்கே அவசியமில்லை.

அன்றிரவு மழைக்கு மேகம் கூடியது. காலையில் அவர் என்னை உலுக்கி எழுப்பி, பரவசத்தோடு மணிக்கட்டை நீட்டினார்: “பாருங்கள் சார், முப்பது மீட்டர் கூடியிருக்கிறது!” அந்தக் கடிகாரம் காற்றின் அழுத்தத்தை அளந்து அதிலிருந்து உயரத்தை அனுமானிக்கிற யந்திரம். மழைக்கு முன் அழுத்தம் குறைந்தால், ‘என் எஜமானர் மேலே ஏறிவிட்டார்’ என்று அது எண்ணிக்கொள்ளும். ஆக, கம்பளிக்குள் சுருண்டு குறட்டை விட்டுக்கொண்டே அவர் முப்பது மீட்டர் இமயத்தை ஏறியிருந்தார். காரணத்தை நான் விளக்கியபோது சிரத்தையோடு கேட்டுக்கொண்டார். ஆனால் வரவு வைத்ததை அடிக்கவில்லை.

யுக்சோம் என்றால் மூன்று லாமாக்கள் சந்தித்த இடம் என்று பொருள். 1642இல் அந்த மூவரும் கூடி, புன்த்சோக் நம்கியாலைச் சிக்கிமின் முதல் சோக்யாலாக, அதாவது தர்மராஜனாக, முடிசூட்டினார்கள். அந்தக் கல் சிம்மாசனம் நோர்புகாங்கில் ஒரு பெரிய மரத்தின் எதிரே இன்றும் இருக்கிறது. ஜோங்ரிக்கும் கோச்சே லாவுக்கும் புறப்படுகிறவர்களுக்கு இவ்வூரே வாசற்படி. டார்ஜிலிங்கில் 1954இல் நிறுவப்பட்ட மலையேற்றப் பயிற்சிக் கழகத்தின் மாணவர்கள் அடிவார முகாமுக்குப் போவதும் இவ்வழியேதான். ஆகையால் தேநீர்க் கடையில், எட்டு நாள் பனியில் கிடந்து, உதடு வெடித்து, மூக்குத் தோல் உரிந்து திரும்பிய நான்கு வாலிபர்கள் உட்கார்ந்திருந்தார்கள். அவர்களுடைய சம்பாஷணை முழுவதும் வெந்நீர்க் குளியலையும் மோமோவையும் பற்றியதாகவே இருந்தது. ஆரோகண மூர்த்தி அவர்களோடு போய் அமர்ந்து, பாதத்தை எப்படி ஊன்ற வேண்டும், மூச்சை எப்படிப் பிடிக்க வேண்டும் என்று அரைமணி நேரம் உபதேசித்தார். அவர்களில் ஒருவன் மிகுந்த மரியாதையோடு, “அங்கிள், நீங்கள் எந்த வழியாக வந்தீர்கள்?” என்று கேட்டான். “பெல்லிங்கிலிருந்து, நடந்தே,” என்றார், கடைசிச் சொல்லுக்கு அழுத்தம் கொடுத்து. அந்தப் பிள்ளைகள் சிரிக்கவில்லை. மலை சிலருக்கு எவ்வளவு நல்ல பழக்கங்களைக் கற்றுக்கொடுத்துவிடுகிறது!

ஊருக்கு மேலே, 1701இல் கட்டப்பட்ட துப்டி மடாலயத்துக்குக் காட்டுவழியாகக் கல் பாவிய பாதை ஏறுகிறது. நான்கு நாளிலும் ஏற்றம் என்று மனமார அழைக்கத்தக்கது அதுவொன்றே. அங்கே அவர் அடைந்த ஆனந்தத்தை நான் குறைசொல்லமாட்டேன். மூச்சிரைக்க, முகம் சிவக்க, அவர் பேசாமல் ஏறிய அந்த முக்கால் மணி நேரமும் எனக்குக்கூட அவர்மீது ஒரு வாஞ்சை உண்டாயிற்று. தாஷிடிங் போன கடைசி நாளில் அவருடைய மௌனத்துக்குக் காரணம் வேறு. கடையில் வாங்கிய சுர்பித் துண்டு ஒன்றை வாயில் போட்டிருந்தார். பாலாடைக் கட்டியைக் கல்லாகக் காயவைத்தால் சுர்பி. மணிக்கணக்காக மென்றாலும் அது விட்டுக்கொடுக்காது. சில்னோன் மடாலயத்தருகே அவர் வாய் திறந்து சொன்ன முதல் வாக்கியம், “இதுதான் சார் கஷ்டமாயிருந்தது.”

தாஷிடிங் மடாலயம், ரதோங் ஆற்றுக்கும் ரங்கீத் ஆற்றுக்கும் இடையே எழும்பிய குன்றின்மேல் இருக்கிறது. அங்கே சோர்ட்டன்கள் என்னும் ஸ்தூபிகள் கூட்டமாக நிற்கின்றன. அவற்றுள் தோங்வா ராங்டோல் என்பதற்கு, கண்ணால் கண்ட மாத்திரத்திலேயே விடுதலை தருவது என்று பொருள். விரதம் வேண்டாம், தபசு வேண்டாம். பார்த்தால் போதும், பாவம் போய்விடும். வழிகாட்டி இதைச் சொன்னதும் ஆரோகண மூர்த்தியின் முகத்தில், விவரத் தாளில் ‘சுலபம்’ என்ற சொல்லைக் கண்டபோது தோன்றியிருக்கக்கூடிய அதே வேதனை தோன்றிற்று. ஸ்தூபியின் முன் நின்று கடிகாரத்தைப் பார்த்தார். அதைத் தட்டிவிட்டு மறுபடி பார்த்தார். கடல் மட்டத்துக்கு மேல் சுமார் 1,465 மீட்டர். பெல்லிங்கிலிருந்து நான்கு நாள் இமயத்தில் ஏறி, ஏறத்தாழ எழுநூறு மீட்டர் கீழே வந்திருக்கிறார். ‘ஏறத்தாழ’ என்ற நம்முடைய தமிழ்ச் சொல் இவ்வளவு துல்லியமாகப் பொருந்திய வேறு சந்தர்ப்பத்தை நான் அறியேன்.

அவர் வழியை மறித்து நின்றபடியால், மணிச்சக்கரத்தைச் சுழற்றியவாறு வலம் வந்துகொண்டிருந்த ஒரு கிழவி காத்துக்கொண்டிருந்தாள். அவர் பதறி விலகியதோ அப்பிரதட்சிணத் திக்கிலே. கிழவி ‘ச்சு’ என்று நாக்கைத் தட்டி, அவருடைய கடிகாரக் கையையே பற்றிக்கொண்டு, பேரனை அழைத்துப் போவதுபோல வலமாக நடத்திச் சென்றாள். ஓர் ஊன்றுகோல் கீழே விழுந்தது, எடுக்க விடவில்லை. மூன்று சுற்று முடிந்ததும் கையை விட்டுவிட்டுத் தன் வழியே போனாள். அவர் என்னிடம் வந்து, மணிக்கட்டை ஒருமுறை பார்த்துவிட்டு, தணிந்த குரலில் சொன்னார்: “ஒரு மீட்டர்கூட ஏறவில்லை சார்.”