கொல்லக் கராத்தே

மாண்புமிகு இணைய நூற்பட்டியல் சமூகத்துக்கு, கோவில்பட்டியிலிருந்து ஒரு சம்சாரி வணங்கி எழுதிக்கொள்வது.

போன செவ்வாய்க்கிழமை பிரவுசிங் சென்டரில் உட்கார்ந்து, தங்கள் தேடல் பெட்டியில் ‘கரிசல் வட்டார வழக்குச் சொல்லகராதி’ என்று தமிழிலேயே அடித்தேன். பூஜ்யம். ஆங்கில எழுத்தில், ‘எஸ்’ போட்டுக் கரிசல் என்றேன். அதற்கும் பூஜ்யம். கடைசியில் சென்டர் பையன், அதைத் தொகுத்த எழுத்தாளர் கி.ரா.வின் பெயரை அடித்துத் தோண்டி எடுத்தான். எடுத்தவன் திரையை எழுத்துக்கூட்டிப் படித்துவிட்டுச் சத்தமாகக் கேட்டான்: “அண்ணாச்சி, கராத்தே புக்கா தேடுறீக?” பட்டா நகல் எடுக்க வந்த கூட்டம் மொத்தமும் திரும்பிப் பார்த்தது.

பையன்மேல் தப்பில்லை. தாங்கள் கைக்கொள்வது அமெரிக்கக் காங்கிரஸ் நூலக முறை. அதில் ‘ச’ எங்கே வந்தாலும் ஆங்கில ‘சி’தான். அதைக் ‘க’ என்று படித்தால் சொல்லகராதி கொல்லக் கராத்தே ஆகிறது. எங்கள் கரிசல் கரிக்கல் ஆகிறது. ஓரெழுத்துக்கு ஓரெழுத்து என்றிருந்தால்தான் திரும்பவும் தமிழுக்கு மாற்றலாம் என்பது அதன் நியாயம். பிரமாதமான நியாயம்! ‘ழ’வுக்கு அடியில் ஒரு கோடும் உண்டாம். அதை மட்டும் பேனாவால் திரையில் போட்டுக்கொள்கிறோம்.

குறியீடு எங்களுக்குப் புதிதல்ல. சீர்காழிக்காரர் எஸ்.ஆர். ரங்கநாதன் 1933-ல் நூலகங்களுக்குக் கோலன் பகுப்புமுறையைக் கொடுத்தார். ஓ31,1எம்82 என்றால் லாரி நம்பர் மாதிரி இருக்கும். பிரித்துப் பாருங்கள்: ஓ இலக்கியம், 31 தமிழ், 1 கவிதை, எம்82 என்றால் 1882-ல் பிறந்தவர். பக்கத்து எட்டயபுரத்துப் பாரதி! எங்கள் கடலைமிட்டாய்க்கு 2020-ல் கிடைத்த புவிசார் குறியீடும் அப்படித்தான், கடித்தால் புரியும். தங்களுடையது புரிய, கராத்தேயில் பிரவுன் பெல்ட்டாவது வேண்டும்.

கி.ரா.வின் இடைசெவலும் எங்களுக்குப் பக்கத்து ஊர்தான். அந்த மனுசன் எங்கள் சனத்தின் வாயிலிருந்த பேச்சைப் பொறுக்கிச் சேர்த்து 1982-ல் அகராதி ஆக்கினார். பள்ளிப் படிப்பை முடிக்காத அவரைப் புதுச்சேரிப் பல்கலைக்கழகம் பேராசிரியராக்கி உட்காரவைத்தது. அவர் புத்தகத்தை உள்ளே வைத்துக்கொண்டே, தமிழில் கேட்டவனிடம் இல்லை என்பீர்களா? தமிழ்ப் புத்தகத்தைத் தமிழில் தேட முடியாத பட்டியல் யாருக்கு? எவன் கண்ணில் படக்கூடாதென்று இந்தப் பூட்டு?

மன்னிக்க வேண்டும். கரிக்கல் சீமை வெயில், நாக்கு வறண்டு ஏதோ உளறிவிட்டது. தங்கள் பெருமைக்கு என்ன குறை? ரங்கநாதன் 1931-ல் நூலகங்களுக்கு எழுதிய ஐந்து விதிகளில் நாலாவது, வாசகரின் நேரத்தை மிச்சம்பிடிக்கச் சொல்கிறது. தாங்களோ என்னை ஒன்றரை மணி நேரம் உட்காரவைத்து, சென்டர்காரர் வயிற்றில் பால் வார்த்தீர்கள். அவரையும் வாசகர் கணக்கில் சேர்த்துக்கொள்ளுங்கள்.

வேண்டுகோள் ஒன்றே ஒன்று: தலைப்பைத் தமிழிலும் ஒரு வரி ஏற்றிவிடுங்கள். அதுவரை தங்கள் முறைப்படியே கையெழுத்துப் போடுகிறேன். சம்சாரி என்று போட்டால் நானும் தங்களிடம் அகப்பட மாட்டேன்.

இப்படிக்கு,
கராத்தே வணக்கத்துடன்,
காம்காரி