இவரை எனக்கு நன்கு தெரியும்

பாஸ்போர்ட்டுக்கு மனுப் போட, நீங்கள் யார் என்று ஊருக்குத் தெரிந்தால் போதாது. ஊருக்கு வந்து எட்டு மாதமே ஆன ஓர் அதிகாரிக்குத் தெரிந்திருக்க வேண்டும். எண்பதுகளில் எங்கள் ஊரான திருப்பனந்தாளில் நடைமுறை அப்படித்தான் இருந்தது. அந்த அதிகாரி கெஜட்டில் பெயர் வந்தவராகவும், பச்சை மையில் கையெழுத்துப் போடுகிறவராகவும் இருக்க வேண்டும். உங்களை அவர் முன்பின் பார்த்திருக்க வேண்டும் என்ற அவசியம் மட்டும் இல்லை.

என்னைத் தெரிந்தவர்களுக்குக் குறைச்சல் கிடையாது. எனக்குத் தொப்புள்கொடி அறுத்த மருத்துவச்சி அப்போது உயிரோடு இருந்தார். மாதம் ஒருமுறை திண்ணைக்கு வந்து முடிவெட்டுகிறவர், என் பின்னந்தலைத் தழும்பு எந்த வருஷம் எந்தப் புளியமரத்தில் இருந்து விழுந்ததால் வந்தது என்று சொல்வார். சன்னதித் தெருவில் பூக்கட்டும் அம்மாள் தலை நிமிராமலே, செருப்புச் சத்தத்தை வைத்து, "யாரு, கணக்குப்பிள்ளை வீட்டுக்கு எதுத்த வீட்டுப் புள்ளையா?" என்பார். காசித் திருமடம் நடத்திய செந்தமிழ்க் கல்லூரியில் ஒரு தமிழய்யா இருந்தார். என் சித்தப்பாவுக்கு யாப்பு சொல்லிக்கொடுத்தவர், எங்கள் வீட்டில் மூன்று தலைமுறையை அறிந்தவர். அவரிடம் போய் நின்றபோது சிரித்துவிட்டார். "நான் அரசு உதவி பெறும் கல்லூரி வாத்தியார்ப்பா. உன்னை எனக்குத் தெரியும். ஆனா என்னை அரசாங்கத்துக்குத் தெரியாதே!"

அந்த மடத்தைக் காசியில் வேரூன்ற வைத்த குமரகுருபரர் பதினேழாம் நூற்றாண்டில் தமிழ்நாட்டிலிருந்து அங்கே போனவர். தாமிரபரணிக் கரையில் பிறந்தவருக்கு அங்கே அறிமுகம் சொல்ல யார் இருந்தார்கள்? சிங்கத்தின் மேலேறி பாதுஷாவின் சபைக்குப் போனார் என்பது மடத்து வழியாக வரும் கதை. சிங்கத்தின் மேல் வருகிறவரிடம் யாரும் சான்றொப்பம் கேட்க மாட்டார்கள். எங்களிடம் இருந்தது அட்லஸ் சைக்கிள்.

சைக்கிளை மிதித்துக்கொண்டு முதலில் பட்டாமணியம் வீட்டுக்குத்தான் போயிருப்போம், கொஞ்சம் முன்னால் பிறந்திருந்தால். கிராம முன்சீப்பைத் தஞ்சாவூர் ஜில்லாவில் பட்டாமணியம் என்பார்கள். வரி வசூலும் அவர்தான், பிறப்பு இறப்புப் பதிவும் அவர்தான், இன்னார் மகன் இன்னார் என்று எழுதிக் கொடுப்பதும் அவர்தான். 1980 நவம்பரில் எம்.ஜி.ஆர். அரசு ஓர் அவசரச் சட்டம் போட்டு, பரம்பரையாக வந்த முன்சீப், கர்ணம் பதவிகளையெல்லாம் ஒழித்துவிட்டது. பிறகு தேர்வெழுதி வந்த வி.ஏ.ஓ.க்கள் வெளியூர்க்காரர்கள்; தெருப்பெயர்கள் பிடிபடவே ஆறு மாதம் ஆகும்.

பழைய ஏற்பாட்டை நினைத்து உருகுகிறவர்கள் உண்டு. எனக்கு அந்த உருக்கம் இல்லை. பட்டாமணியத்துக்கு எல்லாரையும் தெரியும் என்பது உண்மைதான். ஆனால் யாரைத் திண்ணையில் உட்கார வைத்துக் கையெழுத்துப் போடுவது, யாரை வாசலுக்கு வெளியே வெயிலில் நிற்க வைத்துப் போடுவது என்பதும் அவருக்குத் தெரிந்திருந்தது. 'தெரியும்' என்று அவர் எழுதிய சொல்லுக்குள் சாதி, குத்தகைப் பாக்கி, போன தேர்தலில் யாருக்கு வேலை பார்த்தான் என்பதெல்லாம் அடக்கம். பச்சை மைக்காரருக்கு ஒன்றுமே தெரியாது. சேரிப் பையனுக்கும் பண்ணையார் மகனுக்கும் ஒரே அலட்சியத்தோடு கையெழுத்துப் போட்டார். அந்த அலட்சியத்தில் ஒரு சமத்துவம் இருந்தது என்றே சொல்வேன்.

எனக்கு வாய்த்த பச்சை மை, பக்கத்து ஊர் மாட்டாஸ்பத்திரியில் இருந்தது. கிராமப்புறத்தில் பி.டி.ஓ.வைப் பிடிக்க முடியாது; அவர் எப்போதும் 'மீட்டிங்'கில் இருப்பார். மேல்நிலைப் பள்ளித் தலைமையாசிரியர், "நம்ம ஸ்கூல்ல படிச்சியா?" என்று கேட்டுத் திருப்பி அனுப்பிவிடுவார். கால்நடை மருத்துவர்தான் கை கொடுப்பார். காவிரிப் படுகையில் ஒரு தலைமுறையே மாட்டு டாக்டர் கையெழுத்தில் வேலைக்குப் போயிருக்கிறது, கடல் தாண்டியிருக்கிறது. இதை யாரும் வரலாற்றில் எழுதவில்லை.

ஜெராக்ஸ் எங்கள் பக்கம் இன்னும் பரவவில்லை. தட்டச்சுப் பயிலகத்தில் மதிப்பெண் பட்டியலை அப்படியே பார்த்து அடித்து, கீழே 'ட்ரூ காப்பி' என்று போட்டு வாங்கிக்கொண்டு, அசலையும் சேர்த்து எடுத்துப் போனோம். கூட சித்தப்பா. டாக்டர் கொல்லைப்புறத்தில் இருந்தார். மரச்சட்டத்துக்குள் ஒரு பசுவை நிறுத்தியிருந்தது. அதற்குச் சினை ஊசி போட்டுக்கொண்டிருந்தார். முழங்கை வரை உறை. முடித்து, கையை லைஃபாய் போட்டுக் கழுவி, துண்டில் துடைத்துக்கொண்டு, மருந்துப் பெட்டி மேலிருந்த பேனாவை எடுத்தார். என் போட்டோவில் பாதி, காகிதத்தில் பாதி விழுகிற மாதிரி ஒரு கையெழுத்து. அதன் மேல் ரப்பர் ஸ்டாம்பை வாயால் ஊதி ஊதி ஒரு குத்து. அசலையும் நகலையும் ஒப்பிட்டுப் பார்த்தாரா என்று கேட்காதீர்கள்.

டிராவல்ஸ்காரர் நன்னடத்தைச் சான்று ஒன்றும் கேட்டிருந்தார். அதில் 'இவரை எனக்கு இத்தனை ஆண்டுகளாக நேரில் தெரியும்' என்று ஓர் இடம்.

"எத்தனை வருஷம்னு போடட்டும்?"

"உங்களுக்கு இங்க மாத்தலாகி எவ்ளோ நாள் சார் ஆச்சு?" என்றார் சித்தப்பா.

"எட்டு மாசம்."

"அப்ப மூணு வருஷம் போட்டுக்குங்க சார்."

போட்டார். என் குணமும் நல்ல குணம் என்று எழுதினார். என்னிடம் அவர் பேசிய ஒரே வார்த்தை, "தள்ளி நில்லு, உதைக்கும்" என்பதுதான். அது பசுவைப் பற்றி.

போட்டோ எடுத்த கதையையும் சொல்லிவிட வேண்டும். எனக்குத் தலை சற்று இடப்பக்கம் சாயும். ஸ்டூடியோக்காரர் மோவாயில் விரலை வைத்து நிமிர்த்துவார். விளக்குப் போடுவதற்குள் மறுபடி சாய்ந்துவிடும். கடைசியில், "இது ஊர் வாகு தம்பி" என்று விட்டுவிட்டார். எங்கள் ஊர்க் கோயிலில், தாடகை என்ற பக்தைக்கு மாலை சூட்ட வசதியாகச் சிவன் தலையைச் சாய்த்துக் கொடுத்தார். பிறகு தானாக நிமிரவில்லை. அரசனுடைய யானைகள் இழுத்தும் அசையாத லிங்கத்தை, குங்கிலியக்கலய நாயனார் தன் கழுத்தில் கயிற்றைக் கட்டி இழுத்து நிமிர்த்தினார் என்று பெரிய புராணம் சொல்கிறது. இப்போதைய விதிப்படி, தலை நேராக இல்லாத படம் செல்லாது. இறைவனே ஆனாலும் திருப்பி அனுப்பிவிடுவார்கள்.

பிற்பாடு 'தத்கல்' வந்தது. அவசரமாகப் பாஸ்போர்ட் வேண்டுமென்றால், மாட்டு டாக்டர் போதாது; பெரிய இடத்துச் சரிபார்ப்புச் சான்று வேண்டும். யார் யார் தரலாம் என்று ஒரு பட்டியல் இருந்தது. மாவட்ட மாஜிஸ்திரேட், போலீஸ் சூப்பிரண்டு, ராணுவத்தில் மேஜருக்குக் குறையாதவர், விமானப் படையில் ஸ்குவாட்ரன் லீடர், கடற்படையில் லெப்டினன்ட் கமாண்டர். கொள்ளிடத்தில் வெள்ளம் வந்தால்கூட அணைக்கரைப் பக்கம் கடற்படை வந்ததில்லை. ஏதோ, பட்டியலில் தாசில்தாரையும் காவல் நிலைய அதிகாரியையும் சேர்த்திருந்தார்கள், பிழைத்தோம். 1967-ஆம் வருஷத்துப் பாஸ்போர்ட் சட்டத்தின் 6(2) பிரிவைப் படித்துப் பார்த்தேன், அது இவருக்குப் பொருந்தாது என்று சான்று தருகிறவர் கையெழுத்திட வேண்டும். அந்தப் பிரிவைப் படித்த தாசில்தாரை நான் பார்த்ததில்லை. பொய்த் தகவல் கொடுத்தால் இரண்டு வருஷம் வரை சிறை என்கிற 12-ஆம் பிரிவையும் யாரும் படித்ததாகத் தெரியவில்லை.

இந்தக் கூத்தை அரசாங்கமே ஒரு நாள் உணர்ந்தது. இரண்டாவது நிர்வாகச் சீர்திருத்த ஆணையம் 2009-இல் தன் 12-ஆவது அறிக்கையில், விண்ணப்பிக்கிறவரே தன் நகலுக்குச் சான்று சொல்லிக்கொள்ளட்டும் என்றது. 2013-இல் மத்திய அரசு அப்படியே செய்யச் சொல்லித் துறைகளுக்குக் கடிதம் எழுதியது. 2016 டிசம்பரில் பாஸ்போர்ட்டுக்கான இணைப்புப் படிவங்களை வெள்ளைத் தாளில் நாமே எழுதிக் கொடுத்தால் போதும், நோட்டரி வேண்டாம் என்றார்கள். 2018-இல் தத்கலுக்கும் பெரிய இடத்துச் சான்று தேவையில்லாமல் போனது. பச்சை மை காய்ந்தது. உங்களை உங்களுக்குத் தெரியும் என்று அரசாங்கம் ஒப்புக்கொள்ள, சுதந்திரம் வந்து அறுபது எழுபது வருஷம் ஆகியிருக்கிறது.

ஒப்புக்கொண்டதே தவிர, நம்பவில்லை. என் அத்தைக்கு எழுபத்தெட்டு வயது. லண்டனில் இருக்கும் பேத்திக்குப் பிரசவம். போய்ப் பார்க்கப் பாஸ்போர்ட் வேண்டும். தஞ்சாவூர் சேவா கேந்திராவுக்கு அழைத்துப் போனேன். டோக்கன், ஏ கவுன்ட்டர், பி கவுன்ட்டர், சி கவுன்ட்டர் என்று எல்லாம் ஒழுங்காக நடக்கிறது. யாரும் வள்ளென்று விழவில்லை, குளிர்சாதனம் வேறு. மூன்று கவுன்ட்டரிலும் அத்தையை யாரும் "நீங்க யாரு?" என்று கேட்கவில்லை. ஆதாரைக் கேட்டார்கள், விரலைக் கேட்டார்கள்.

விரலில்தான் வினை. அறுபது வருஷம் சேற்றில் நாற்றுப் பறித்து, நடவு நட்டு, களை எடுத்த விரல்கள். ரேகை தேய்ந்து வழவழவென்று இருந்தது. ரேஷன் கடைக் கருவியே அத்தையை மாதாமாதம் இல்லை என்றுதான் சொல்லும். இங்கே அந்தப் பெண் ஈரத்துணியால் துடைத்து, ஒவ்வொரு விரலாகப் பிடித்து அழுத்தி, பொறுமையாக எடுத்தாள். அத்தை அவளிடம், "நாலு மா நெலத்துல கெடக்கு தாயி என் ரேகை. அங்க வந்து பாரு" என்றார்.

பிறந்த தேதிக்கும் அப்போது ஆதாரைத்தான் பார்த்தார்கள். அதில் ஜனவரி 1 என்றிருக்கிறது. வயதை மட்டும் சொன்ன எங்கள் தெருப் பாட்டிமார்கள் பலரும் ஒரே நாளில், ஆங்கிலப் புத்தாண்டு அன்று பிறந்திருக்கிறார்கள். "ஐப்பசி அடமழையில பொறந்தேன்னு எங்க ஆத்தா சொல்லும்" என்பது அத்தையின் கட்சி. ஐப்பசியை ஏற்கும் கட்டம் படிவத்தில் இல்லை.

அந்த ஆதார் எதை வைத்து வந்தது? ரேஷன் கார்டை வைத்து. ரேஷன் கார்டு? வி.ஏ.ஓ. எழுதிக் கொடுத்ததை வைத்து. வி.ஏ.ஓ. யாரைக் கேட்டார்? தெருவில் திண்ணையில் இருந்த யாரையோ கேட்டார். அந்த ஆள், "அட, இது நம்ம கோவிந்தபுரத்து மருமவ சார்" என்று சொல்லியிருக்கிறார். கருவிழி, கைரேகை, பன்னிரண்டு இலக்கம் எல்லாவற்றையும் தோண்டிக்கொண்டே போனால், அடியில் ஒரு திண்ணையும், வெற்றிலை மென்றுகொண்டு ஓர் ஆளும்தான்.

லண்டனில் குழந்தை பிறந்தது. அதற்குப் பாஸ்போர்ட் எடுக்க, அந்த ஊர் முறைப்படி உறவுக்காரர் அல்லாத ஒருவர், பெற்றோரைக் குறைந்தது இரண்டு வருஷமாகத் தெரிந்தவர், 'இது இன்னார் குழந்தைதான்' என்று உறுதி சொல்ல வேண்டும். யார் சொல்லலாம் என்று அங்கேயும் பட்டியல் உண்டு. வீடியோ அழைப்பில் பேத்தி வாசித்தாள். ஆசிரியர், செவிலியர், பல் மருத்துவர், மருந்துக் கடைக்காரர், பத்திரிகையாளர் (இந்த இடத்தில் நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன்), ஈமச்சடங்கு நடத்துகிறவர், மதுவிடுதி உரிமம் வைத்திருக்கிறவர். பொதுநல மருத்துவர், நெருங்கிய நண்பராக இருந்தால் ஒழிய, கையெழுத்துப் போடக் கூடாது.

"சாராயக் கடைக்காரன் கையெழுத்தா!" என்றார் அத்தை. "அவனுக்குத்தான தாயி ஊர்ல எல்லாரையும் தெரியும்" என்றும் அவரே சொன்னார். தமிழ்நாட்டில் இந்த விதியைக் கொண்டுவர முடியாது. 2003-இலிருந்து சில்லறை மதுக்கடையே அரசாங்கத்தினுடையது. கையெழுத்துக் கேட்டு மறுபடியும் அரசு ஊழியரிடம்தான் போய் நிற்க வேண்டும். கனடாவிலும் முன்பு வக்கீல், டாக்டர் என்று பட்டியல் வைத்திருந்தார்கள். 2007-இல் அதை விட்டுவிட்டு, பாஸ்போர்ட் வைத்திருக்கும் எந்தக் கனடியரும் உத்தரவாதம் சொல்லலாம் என்று மாற்றினார்கள். அது எனக்குப் பிடித்திருக்கிறது. ஒரு பெயின்டரைத் தெரியும் என்று இன்னொரு பெயின்டர் சொல்ல, பதவி எதற்கு?

நம் விண்ணப்பத்திலும் அதற்கு ஒரு சின்ன இடம் விட்டுவைத்திருக்கிறார்கள். உங்களை அறிந்த இரண்டு பேரின் பெயர், முகவரி, தொலைபேசி எண். கெஜட்டும் வேண்டாம், பச்சை மையும் வேண்டாம். போலீஸ் விசாரணைக்கு வருகிறவரும் அக்கம்பக்கத்தில் கேட்டுத்தான் எழுதிக்கொண்டு போவார். அத்தைக்குப் பூக்கட்டும் அம்மாளின் மகள் பெயரையும் எதிர்வீட்டுக்காரர் பெயரையும் போட்டேன். விசாரணை பத்து நிமிஷத்தில் முடிந்தது. அத்தையின் மாமியார் சண்டை உட்பட எல்லாம் சொல்லிவிட்டார்களாம்.

நீங்கள் நகரத்தில் அடுக்குமாடியில் இருக்கிறவர் என்றால், அந்த இரண்டு பெயரைப் போடுவதற்கு முன் பக்கத்து வீட்டுக் கதவைத் தட்டி ஒரு வார்த்தை சொல்லிவையுங்கள். ஸ்டேஷனிலிருந்து போன் வரும்போது அவர், "அப்படி யாரும் இங்க இல்லையே" என்று சொல்லிவிட்டால், ஆதார் வந்து சாட்சி சொல்லாது.