ஆறுமுகம் வீட்டுப் பூனைகள்

தமிழ்க் குடும்பத்தில் பிள்ளை கித்தாரைத் தூக்கினால் அக்கம்பக்கம் என்ன பேசும் என்று உங்களுக்கே தெரியும். அறுபதுகளின் கடைசியில் பினாங்கில் டேவிட் ஆறுமுகமும் தம்பி லோகநாதனும் தூக்கினார்கள். கிராணி வேலைக்குப் போயிருந்தால் ஓய்வூதியமாவது மிஞ்சியிருக்கும். இவர்களோ தங்கள் குழுவுக்கு அலிகேட்ஸ், அதாவது சந்துப் பூனைகள், என்று பேர் வைத்துக்கொண்டு ஹாங்காங் போய், இரவு விடுதிகளில் சீனர்களுக்கு ஆங்கிலப் பாட்டுப் பாடினார்கள்.

எழுபதுகளின் இறுதியில் ஊர் திரும்பி மலாய்ப் பாட்டுக்கு மாறியபோதுதான் வேடிக்கை ஆரம்பித்தது. மெட்டுப் போட்டவர்களில் முக்கியமானவர் சிங்கப்பூரில் பிறந்த எம். நாசிர், பாடியவர்கள் பினாங்குத் தமிழர்கள், அழுதவர்கள் மலாய்க்காரர்கள். காதலில் தோற்ற கம்போங் பையன் எவனும், தனக்காக விம்முவது ஒரு ஆறுமுகம் என்று கவலைப்படவே இல்லை. "ஹிங்கா அக்கிர் நந்தி" பாட்டு வந்தால் கண்ணைத் துடைத்துக்கொள்வான், அவ்வளவுதான்.

கவலையெல்லாம் நமக்குத்தான். கல்யாண வீட்டுப் பந்தியில் மாமா ஒருவர் அப்பளத்தை நொறுக்கிக்கொண்டே, "தமிழ்ல பாடுனா வாயி சுட்டுடுமாடா இவனுங்களுக்கு?" என்பார். பிறகு டேவிட் டத்தோ ஆனார். அதே மாமா அடுத்த கல்யாணத்தில், "நம்ம பையன்தான்யா, எங்க அத்தை வழியில சொந்தம்" என்றார். டத்தோ பட்டத்துக்கு நம் ஊரில் வம்சாவளியையே திருத்தி எழுதும் சக்தி உண்டு.

அண்ணன் தம்பியின் முடியைப் பற்றிச் சொல்லாவிட்டால் கதை நிறையாது. அந்த நாளில் செலாயாங் பாசார் மாலாமில் கேசட் அட்டையைப் பார்த்தால் இரண்டு புதர்கள் தெரியும். மற்ற வாத்தியக்காரர்கள் மிச்ச இடத்தில் நெருக்கியடித்து நிற்பார்கள். கடைவரிசைக்கு ஒரு தமிழ் முடிவெட்டும் கடை இருக்கும் நாட்டில், அந்தப் பக்கமே தலைகாட்டாமல் புகழ் பெற்ற தமிழர்கள் இவர்கள். 1992இல் தகவல் அமைச்சர் முகமட் ரஹ்மாட் நீள்முடி ராக் பாடகர்களுக்கு ஆர்டிஎம் கதவைச் சாத்தினார். சர்ச் குழுவின் எமியும் விங்ஸ் குழுவின் அவியும் முடியைக் காணிக்கை கொடுத்தார்கள். பழநியில் கொடுத்திருந்தால் புண்ணியமாவது கிடைத்திருக்கும். தோளில் விழும் முடியை அளந்துவிடலாம். ஆகாயத்தைப் பார்த்து வளரும் முடியை எந்த அடிமட்டத்தால் அளப்பது? டத்தோ பட்டமளிப்பு உடையோடு சொங்கோக் வேறு உண்டு. டேவிட்டின் தலையில் அது எங்கே போய் உட்கார்ந்திருக்கும் என்பது எனக்கு நெடுநாள் சந்தேகம்.

"நான் முதலில் போய்விட்டால்" என்ற பொருளில் இவர்களுக்கு ஒரு பிரபலமான பாட்டு உண்டு. 2007 ஜூனில் நுரையீரல் புற்றுநோயில் தம்பி லோகநாதனே முதலில் போனார். எமனுக்கு வயது வரிசை பார்க்கும் பழக்கம் கிடையாது. அண்ணன் மேடையை விடவில்லை. அதே பாட்டுகள், அதே புதர். முன்வரிசையில் உட்கார்ந்து கூடவே பாடுகிற ரசிகர்களுக்குத்தான் வழுக்கை விழுந்துவிட்டது.